அடமானம் மீட்பதில் வரும் வழக்குகளும் பாக்கித் தொகைத் தகராறுகளும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கீழே உள்ளவை இந்தியாவில் அசையாச் சொத்தை அடமானம் வைத்து வாங்கிய கடனுக்குப் பொருந்தும். அடிப்படைச் சட்டம் 1882ஆம் ஆண்டின் சொத்து மாற்றுச் சட்டம். சட்டத்தின் பெயர் இல்லாமல் வரும் பிரிவு எண்கள் இந்தச் சட்டத்தினுடையவை. வழக்கு நடைமுறைக்கு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 34. வழக்குப் போடும் கெடுவுக்கு 1963ஆம் ஆண்டின் காலவரையறைச் சட்டம். மீட்பு உரிமை உண்டா இல்லையா என்பதில் எழும் வழக்குகளைவிட, ‘எவ்வளவு கட்டினால் மீட்கலாம்’ என்பதில் எழும் வழக்குகளே அதிக காலம் இழுக்கின்றன. அதனால் கணக்குக்கும் பணம் செலுத்தும் முறைக்கும் இங்கே கூடுதல் இடம் கொடுத்திருக்கிறோம்.

என்னிடம் இருப்பது எந்த வகை அடமானம்? அது ஏன் முக்கியம்?

பத்திரத்தின் தலைப்பைப் பார்த்து முடிவு செய்யாதீர்கள், உள்ளே எழுதியிருப்பதைப் படியுங்கள். சொத்து உங்கள் கையிலேயே இருந்து, வட்டியோடு திருப்பித் தருவதாக நீங்கள் ஒப்புக்கொண்டிருந்தால் அது சாதாரண அடமானம். சொத்தின் சுவாதீனத்தைக் கடன் கொடுத்தவரிடம் விட்டு, அவர் வாடகையையோ மகசூலையோ அனுபவித்துக்கொள்வதாக எழுதியிருந்தால் அது ஒத்தி, அதாவது போக்கியம். விற்பது போல எழுதி, இத்தனை ஆண்டுக்குள் பணம் கொடுத்தால் திருப்பி எழுதித் தர வேண்டும் என்று அதே பத்திரத்தில் நிபந்தனை இருந்தால் அது நிபந்தனைக் கிரய அடமானமாகலாம். வங்கியில் தாய்ப்பத்திரத்தை ஒப்படைத்து வாங்கும் வீட்டுக் கடன் தனி வகை.

வகை மாறினால் வட்டி ஓடுகிறதா, கணக்குக் கேட்க முடியுமா, கெடு எப்போது தொடங்குகிறது, கட்டத் தவறினால் என்ன ஆகும் என்ற நான்கும் மாறிவிடும்.

பத்திரத்தில் ஐந்து ஆண்டு என்று இருக்கிறது. மூன்றாம் ஆண்டே மீட்க முடியுமா?

பொதுவாக முடியாது. 60ஆம் பிரிவின்படி அசல் தொகை செலுத்த வேண்டிய நாள் வந்த பிறகுதான் மீட்பு உரிமை எழுகிறது. முன்கூட்டியே கட்டலாம் என்று பத்திரத்தில் இருந்தாலோ, கடன் கொடுத்தவர் சம்மதித்தாலோ மீட்கலாம். கெடு எதுவும் குறிப்பிடாத பத்திரங்களுக்கு இந்தத் தடை இல்லை. சில பத்திரங்களில், கெடு தாண்டிய பிறகு பணம் கட்ட வந்தால் முன்னறிவிப்பு தர வேண்டும் என்று இருக்கும். நியாயமான அளவு முன்னறிவிப்பு கேட்பது செல்லும்.

‘குறித்த காலத்தில் மீட்காவிட்டால் சொத்து எனக்கே சொந்தம்’ என்று எழுதி வாங்கியிருக்கிறார். செல்லுமா?

செல்லாது. அடமானம் எழுதும்போதே மீட்பு உரிமையைப் பறிக்கும் எந்த வாசகத்தையும் நீதிமன்றங்கள் ஏற்பதில்லை. நீண்ட கெடு என்பதாலேயே பத்திரம் செல்லாமல் போகாது என்பதையும் இதோடு சேர்த்து நினைவில் வையுங்கள். 1958இல் உச்ச நீதிமன்றம் தீர்த்த கங்காதர் எதிர் சங்கர்லால் வழக்கில் அடமானக் கெடு 85 ஆண்டு. அதன் பின் ஆறு மாதத்துக்குள் மீட்காவிட்டால் உரிமை போய்விடும் என்றும் பத்திரத்தில் இருந்தது. ஆறு மாத நிபந்தனையை நீதிமன்றம் ஒதுக்கித் தள்ளியது. 85 ஆண்டுக் கெடுவை அப்படியே ஏற்றது. பணத் தேவையைப் பயன்படுத்தி, நெருக்கடியில் இருந்தவரிடம் எழுதி வாங்கியது என்று காட்ட முடிந்தால் நீண்ட கெடுவையும் எதிர்க்கலாம்.

கடன் கொடுத்தவர் பட்டாவைத் தன் பெயருக்கு மாற்றிக்கொண்டார் என்பதாலோ, வரி கட்டுகிறார் என்பதாலோ அடமானம் கிரயமாகிவிடாது. அவர் அடமானதாரராகவே, அதாவது அடமானத்தின் பேரில் கடன் கொடுத்தவராகவே நுழைந்தவர். பிற்பாடு தனியாக ஒரு கிரயப் பத்திரம் எழுதி வாங்கியிருந்தால் அது வேறு கதை. அந்தப் பத்திரத்தையும் தேதியையும் உடனே பாருங்கள்.

மீட்க எத்தனை ஆண்டு அவகாசம்?

காலவரையறைச் சட்டத்தின் 61ஆம் இனம் 30 ஆண்டு தருகிறது. மீட்பு உரிமை எழும் நாளிலிருந்து எண்ண வேண்டும், பத்திரத் தேதியிலிருந்து அல்ல. 1990இல் ஐந்து ஆண்டுக் கெடுவோடு எழுதிய சாதாரண அடமானத்துக்கு 1995இலிருந்து எண்ணினால் 2025. கடன் கொடுத்தவரோ அவருடைய வாரிசோ, இந்த 30 ஆண்டு முடியும் முன் அடமானம் நிலுவையில் இருப்பதை எழுத்தில் ஒப்புக்கொண்டு கையெழுத்திட்டிருந்தால் அந்த நாளிலிருந்து புதிதாக 30 ஆண்டு ஓடும். பழைய கடிதங்களைத் தூக்கிப் போடாதீர்கள் என்று சொல்வது இதனால்தான்.

ஒத்திக்கு விதிவிலக்கு உண்டு. சிங் ராம் எதிர் ஷியோ ராம் வழக்கில் 2014இல் உச்ச நீதிமன்றம், ஒத்தியில் பத்திரத் தேதியிலிருந்து 30 ஆண்டு கடந்தது என்ற ஒரே காரணத்தால் மீட்பு உரிமை அழியாது என்று தீர்த்தது. ஒத்திப் பணம் வருமானத்தில் தீர்ந்தபோதோ, மீதியைச் செலுத்தியபோதோ அல்லது கோர்ட்டில் கட்டியபோதோதான் 62ஆம் பிரிவின்படி சுவாதீனம் கேட்கும் உரிமை எழுகிறது, கெடுவும் அப்போதே ஓடத் தொடங்குகிறது. தாத்தா காலத்து ஒத்தி என்றதும் கைவிட்டுவிட வேண்டாம்.

இன்னொரு பொறி இருக்கிறது. அடமானதாரர் சொத்தை முழு உரிமையாளர் போல மூன்றாம் நபருக்கு விலை வாங்கி விற்றிருந்தால், அந்த விற்பனை உங்களுக்குத் தெரிந்த நாளிலிருந்து 12 ஆண்டுதான்.

‘பாக்கித் தொகை’ என்பதில் எதெல்லாம் சேரும்?

அசல், ஒப்பந்த வட்டி, சட்டம் அனுமதிக்கும் செலவு, வழக்கு நடந்தால் கோர்ட் செலவு. இவை தவிர வேறு எதையும் சேர்க்க, பத்திரத்தில் இடம் இருக்க வேண்டும். தகராறு பெரும்பாலும் கட்டிய பணத்தை எதில் வரவு வைப்பது என்பதில் பிறக்கிறது. வேறு உடன்பாடு இல்லாவிட்டால், கட்டிய தொகை முதலில் அன்றுவரை சேர்ந்த வட்டியில் கழியும், மீதி அசலில் கழியும். கடன் வாங்கியவர் நேராக அசலில் கழித்துக் கணக்கு போடுகிறார், கொடுத்தவர் வட்டிக்கு வட்டி போடுகிறார். இருவரும் தாங்களே சரி என்று நம்புகிறார்கள்.

ஒரு கணக்கைப் பாருங்கள். அசல் ரூ. 3,00,000, ஆண்டுக்கு 12 சதவீதம் தனிவட்டி, தொடக்கம் 1.4.2019. கடனாளி 1.4.2021 அன்று ரூ. 1,00,000 கட்டுகிறார். மீட்க வருவது 1.4.2024.

இரண்டு ஆண்டு வட்டி ரூ. 72,000. கட்டிய லட்சத்தில் அது போக ரூ. 28,000 அசலில் கழிகிறது. புதிய அசல் ரூ. 2,72,000. அதற்கு ஆண்டு வட்டி ரூ. 32,640, மூன்று ஆண்டுக்கு ரூ. 97,920. ஆக மொத்தம் ரூ. 3,69,920.

லட்சத்தை அசலில் கழித்தால் அதே நாளில் ரூ. 3,44,000 வரும். ஆண்டுக்கு ஒருமுறை வட்டியை அசலோடு சேர்த்துக் கூட்டுவட்டி போட்டால் ரூ. 3,88,210 வரும். மூன்று பேர் மூன்று தொகை சொல்வதன் காரணம் இதுதான். கூட்டுவட்டிக்குப் பத்திரத்தில் தெளிவான வாசகம் இல்லாவிட்டால் மூன்றாம் கணக்கு நிற்காது.

உங்கள் கணக்கையும் இப்படியே வரிவரியாகப் போடுங்கள். தேதி, கட்டிய தொகை, அன்றுவரை வட்டி, அசலில் கழிந்தது, மீதி அசல், ரசீது எண் என்று ஆறு கட்டம் போதும். கோர்ட்டில் மொத்தத் தொகையைச் சொல்லி வாதாடுபவரைவிட இந்தத் தாளைக் கொடுப்பவருக்கே காது கிடைக்கும்.

பத்திரத்தில் ‘நூற்றுக்கு 1 ரூபாய் வட்டி’ என்றுதான் இருக்கிறது. மாதத்துக்கா, ஆண்டுக்கா?

‘மாதம் ஒன்றுக்கு’ என்ற சொற்கள் இருக்கின்றனவா என்று முழுப் பத்திரத்தையும் தேடுங்கள். மாதம் நூற்றுக்கு 1 ரூபாய் என்றால் ஆண்டுக்கு 12 சதவீதம். 2 ரூபாய் என்றால் 24. வாசகம் மங்கலாக இருந்தால், அதுவரை கட்டிய வட்டித் தொகையும் அதற்கான ரசீதுகளும் இரு தரப்பும் எப்படிப் புரிந்துகொண்டார்கள் என்பதைக் காட்டும்.

வட்டியைக் குறைத்துக்கொள்வதாக வாயால் சொன்னார். கோர்ட்டில் எடுபடுமா?

எடுபடாது என்றே வைத்துக்கொள்ளுங்கள். பதிவு செய்த பத்திரத்தின் நிபந்தனையைப் பின்னால் வாய்மொழியாக மாற்றியதாகச் சாட்சி சொல்லச் சாட்சியச் சட்டம் இடம் தருவதில்லை. ஆனால் பணம் கட்டினேன் என்பதைச் சாட்சி வைத்து நிரூபிக்கத் தடையில்லை. வங்கிப் பரிமாற்றம், பத்திரத்தின் பின்பக்கம் எழுதிய வரவுக் குறிப்பு, ரசீது ஆகியவை வாய்ச் சாட்சியைவிட வலுவானவை.

வட்டி அளவுக்கு மீறியது, பேரமும் நியாயமற்றது என்றால் 1918ஆம் ஆண்டின் கொடுவட்டிக் கடன் சட்டத்தின்படி கோர்ட் கணக்கைத் திறந்து குறைக்கலாம். இது தனியாரிடம் வாங்கிய கடனுக்குத்தான் உதவும். வங்கிக் கடனில் வட்டி அதிகம் என்ற காரணத்துக்காகக் கோர்ட் கணக்கைத் திறக்கக் கூடாது என்று வங்கி ஒழுங்குமுறைச் சட்டத்தின் 21ஏ பிரிவு தடுக்கிறது.

சொத்தை அவரே அனுபவித்து வருகிறார். அந்த வருமானத்தைக் கழிக்கச் சொல்லலாமா?

முதலில் பத்திரத்தில் ‘வட்டிக்குப் பதிலாக அனுபவித்துக்கொள்வது’ என்று இருக்கிறதா பாருங்கள். இருந்தால் 77ஆம் பிரிவின்படி அவர் வருமானக் கணக்குத் தர வேண்டியதில்லை. நீங்கள் அசலைக் கட்டினால் போதும், அவரும் வட்டி கேட்க முடியாது. வாடகை ஏறிவிட்டது, மகசூல் பெருகிவிட்டது என்று காட்டி அசலைக் குறைக்கவும் முடியாது.

அந்த வாசகம் இல்லாவிட்டால் 76ஆம் பிரிவு முழுதாகப் பொருந்தும். அவர் வரவு செலவுக் கணக்கை ஆதாரத்தோடு வைத்திருக்க வேண்டும். வருமானத்தில் வரி, நிர்வாகச் செலவு, தேவையான பழுதுபார்ப்பு போக மிச்சத்தை முதலில் வட்டியிலும் பிறகு அசலிலும் கழிக்க வேண்டும். கணக்கே வைக்காத அடமானதாரருக்கு எதிராக, அந்தப் பகுதியின் வாடகை நிலவரத்தையும் நிலத்தின் மகசூலையும் காட்டி வருமானத்தை நிர்ணயிக்கக் கோரலாம்.

மராமத்து செய்தேன், மாடி கட்டினேன் என்று செலவுப் பட்டியல் நீட்டுகிறார்.

இரண்டையும் பிரித்துப் பாருங்கள். சொத்து அழியாமல், ஏலம் போகாமல் காக்கச் செய்த செலவை 72ஆம் பிரிவின்படி அசலோடு சேர்க்கலாம். அடமான வட்டி விகிதமே அதற்கும் பொருந்தும், விகிதம் எதுவும் இல்லாவிட்டால் ஆண்டுக்கு 9 சதவீதம். வசதிக்காகச் செய்த மேம்பாட்டுச் செலவைப் பொதுவாக உங்கள் தலையில் கட்ட முடியாது. சொத்து அழிவதைத் தடுக்கவோ, ஈடு போதாமல் போவதைத் தவிர்க்கவோ, அரசு அதிகாரியின் சட்டப்படியான உத்தரவுக்காகவோ செய்த மேம்பாட்டுக்கு மட்டும் 63ஏ பிரிவு இடம் கொடுக்கிறது. எதிலும் பில் கேளுங்கள்.

பணத்தோடு போனாலும் வாங்க மறுக்கிறார். வட்டி ஏறிக்கொண்டே போகிறதே?

இந்தப் பக்கத்தில் ஒரு பதிலை மட்டும் படிப்பவர்கள் இதைப் படியுங்கள். ‘கட்டத் தயாராக இருக்கிறேன்’ என்று நோட்டீஸ் அனுப்பினால் வட்டி நிற்காது. முழுப் பாக்கியையும், நிபந்தனை போடாமல், உரிய நேரத்தில், உரிய இடத்தில், உரிய ஆளிடம் நீட்டியிருக்க வேண்டும். அதை 84ஆம் பிரிவு ஏற்கிறது, அந்த நாளிலிருந்து அசலுக்கு வட்டி நின்றுவிடும். நீட்டியதை நிரூபிக்க, அவர் பெயருக்கு எடுத்த டிடியின் நகல், உடன் வந்த சாட்சி, அன்றே அனுப்பிய பதிவுத் தபால் மூன்றும் வேண்டும்.

இதைவிடப் பத்திரமான வழி 83ஆம் பிரிவு மனு. அசல் செலுத்தும் நாள் வந்த பிறகு, மீட்பு வழக்குக்கான கெடு முடியும் முன், மீட்பு வழக்கு போடக்கூடிய அதே கோர்ட்டில் மனு போட்டுப் பணத்தைக் கட்டலாம். மனுவில் அடமானப் பத்திர விவரம், உங்கள் கணக்கு, அடமானதாரரின் சரியான முகவரி இருக்க வேண்டும். முகவரி தவறினால் நோட்டீஸ் சார்வாகாது, அதாவது முறைப்படி அவரிடம் சேராது. ஏற்கெனவே நேரில் நீட்டியிராவிட்டால், அவர் பணத்தை எடுக்க நீங்கள் செய்ய வேண்டியதை எல்லாம் செய்து, நோட்டீஸும் சார்வான பிறகுதான் வட்டி நிற்கும். கட்டிய பணத்தை இடையில் எடுத்தால், எடுத்த நாளிலிருந்து மறுபடி வட்டி ஓடும்.

அவர் பணத்தை எடுக்க வேண்டுமென்றால், முழுக் கடனுக்கும் இது போதும் என்று மனுவில் ஒப்புக்கொண்டு, அடமானப் பத்திரத்தையும் தன் வசம் உள்ள ஆவணங்களையும் கோர்ட்டில் ஒப்படைக்க வேண்டும். தொகை குறைவு என்று மறுத்தால் அந்த மனுவில் முழுக் கணக்கு விசாரணை நடக்காது, மீட்பு வழக்குக்குப் போக வேண்டும்.

தகராறுள்ள ரூ. 20,000க்காகக் குறைத்துக் கட்டாதீர்கள். குறைவாகக் கட்டியதாகப் பின்னால் முடிவானால் வட்டி நிற்காமல் போகும் அபாயம் உண்டு. ஆட்சேபத்தைப் பதிவு செய்துவிட்டு, கைக்கு எட்டினால் அவர் சொல்லும் தொகைக்கு நெருக்கமாகக் கட்டி, அதிகம் வாங்கியதை வழக்கில் திரும்பக் கேளுங்கள். ஒத்தியில் முழுத் தொகையை நீட்டியோ கட்டியோ விட்டால், அதன் பிறகு வரும் வருமானத்துக்கு அவர் உங்களுக்குக் கணக்குச் சொல்லியாக வேண்டும்.

மீட்பு வழக்கு எப்படி நடக்கும்?

சொத்து இருக்கும் எல்லைக்குரிய கோர்ட்டில்தான் போட வேண்டும். சொத்தில் அக்கறை உள்ள எல்லோரையும் சேர்க்க வேண்டும். அடமானதாரர் இறந்திருந்தால் அவருடைய எல்லா வாரிசுகளும், அவரிடமிருந்து வாங்கியவரும், உங்கள் தரப்பில் உள்ள கூட்டுப் பங்குதாரர்களும் வர வேண்டும். ஒரு வாரிசை விட்டுவிட்டு ஆண்டுகள் கழித்துத் திருத்த மனு போடுவது இந்த வழக்குகளில் தொடர்ந்து நடக்கும் பிழை.

தீர்ப்பு இரண்டு கட்டமாக வரும். முதல்நிலைத் தீர்ப்பாணையில் கோர்ட் பாக்கியை நிர்ணயிக்கும் அல்லது கணக்கெடுக்கக் கமிஷனரை நியமிக்கும், பணம் கட்ட ஆறு மாதம் வரை அவகாசம் தரும், காரணம் காட்டினால் நீட்டிக்கலாம். பணம் கட்டியதும் இறுதித் தீர்ப்பாணைக்கு நீங்கள்தான் மனு போட வேண்டும். அதில்தான் ஆவண ஒப்படைப்பும் சுவாதீனமும் கிடைக்கும். கணக்கெடுத்த பின் அடமானதாரரே அதிகம் பெற்றிருக்கிறார் என்று தெரிந்தால், உபரியை அவர் உங்களுக்குத் தர உத்தரவாகும்.

கட்டத் தவறினால்? சாதாரண அடமானத்தில் சொத்தை விற்க எதிர்த் தரப்பு இறுதித் தீர்ப்பாணை கேட்கலாம், விற்பனை உறுதியாகும் வரை நீங்கள் பணம் கட்டி மீட்கலாம். ஏலம் நடந்துவிட்டால், ஏலத் தொகையில் 5 சதவீதம் வாங்கியவருக்காகக் கூடுதலாகக் கட்ட வேண்டும். நிபந்தனைக் கிரய அடமானத்தில் மீட்பு உரிமையே போகும்படி தீர்ப்பாகலாம். ஒத்தியில் இந்த இரண்டுக்கும் இடமில்லை.

அண்ணன் தம்பி நால்வர் சொத்து. என் கால் பங்குக்கு மட்டும் கட்டி மீட்கலாமா?

முடியாது. அடமானம் முழுதாகவே மீட்கப்பட வேண்டும். அடமானதாரரே ஒரு பங்கை வாங்கியிருந்தால் மட்டும் விதிவிலக்கு. நீங்கள் முழுத் தொகையும் கட்டி மீட்டால், மற்றவர்கள் தங்கள் பங்குத் தொகையைத் தரும்வரை 92ஆம் பிரிவின்படி அடமானதாரரின் இடத்தில் நிற்கலாம். அதற்காக அவர்கள் பங்கு உங்களுக்குச் சொந்தமாகிவிடாது. எந்தப் பணத்தில் யார் கட்டினார் என்பதற்கு ஆதாரம் வையுங்கள்.

கிரயப் பத்திரம் எழுதிக் கொடுத்தேன். திருப்பித் தருவதாகத் தனித் தாளில் எழுதித் தந்தார். இது அடமானமா?

பெரும்பாலும் இல்லை. திருப்பித் தரும் நிபந்தனை கிரயப் பத்திரத்திலேயே இல்லாவிட்டால் அதை அடமானமாகக் கருத முடியாது என்று 58(சி) பிரிவு சொல்கிறது. தனித் தாள் மறுகிரய ஒப்பந்தம். அதில் குறித்த நாள் கடுமையாகப் பார்க்கப்படும், 30 ஆண்டு அவகாசம் கிடையாது. ஒரே பத்திரமாக இருந்தாலும், சந்தை விலைக்கும் எழுதிய தொகைக்கும் உள்ள இடைவெளி, சுவாதீனம் யாரிடம் இருந்தது, வட்டி பேசப்பட்டதா என்று கோர்ட் பார்க்கும். பணத் தேவைக்கு இப்படி எழுதிக் கொடுப்பதைத் தவிர்த்துவிடுங்கள்.

வங்கி ஏலம் விடப் போகிறது. எதுவரை மீட்கலாம்?

வங்கி கோர்ட்டுக்குப் போகாமலே அடமானச் சொத்தை எடுத்து விற்க இடம் தரும் 2002ஆம் ஆண்டின் சர்ஃபாசி சட்டத்தில், கோர்ட் அடமான வழக்கில் உள்ள தாராளம் இல்லை. பாக்கியைக் கட்டச் சொல்லும் 13(2) பிரிவு நோட்டீஸ் கிடைத்ததும் 60 நாள் தொடங்குகிறது. கணக்கு தவறு என்றால் இந்தக் காலத்திலேயே எழுத்தில் ஆட்சேபம் அனுப்புங்கள், வங்கி 15 நாளில் பதில் தர வேண்டும். 2016 திருத்தத்துக்குப் பின், ஏல அறிவிப்பு வெளியாகும் நாளுக்கு முன் முழுப் பாக்கியையும் செலவுகளோடு நீட்ட வேண்டும். முன்பு சொத்து கைமாறும் வரை இடம் இருந்தது. அந்தப் பழைய நிலையை நம்பி ஏல நாள்வரை காத்திருப்பவர்கள் வீட்டை இழக்கிறார்கள். செலிர் எதிர் பாஃப்னா மோட்டார்ஸ் வழக்கில் 2023இல் உச்ச நீதிமன்றம் இதை உறுதியாகச் சொன்னது.

சுவாதீன நடவடிக்கையை எதிர்க்க 45 நாளுக்குள் கடன் மீட்புத் தீர்ப்பாயத்தில் மனு போட வேண்டும். சிவில் கோர்ட் இதில் தலையிடாது. விவசாய நிலத்துக்கும், பாக்கி மொத்த அசல் வட்டியில் 20 சதவீதத்துக்கும் குறைவாக உள்ள கடனுக்கும் இந்தச் சட்டம் பொருந்தாது.

வங்கி சொல்லும் முடிவுத் தொகையில் எதைச் சரிபார்க்க வேண்டும்?

தொடக்கம் முதல் முழுக் கணக்கு அறிக்கையும், வட்டி விகிதம் மாறிய தேதிகளும் எழுத்தில் கேளுங்கள். தவணை தவறியதற்கு அபராத வட்டி போட ரிசர்வ் வங்கி தடை விதித்திருக்கிறது. அபராதக் கட்டணம்தான் வாங்கலாம், அந்தக் கட்டணத்தின் மேல் மறுபடி வட்டி ஏற்றக் கூடாது. புதிய கடன்களுக்கு இது 1.4.2024 முதல் நடப்பில் உள்ளது. தனிநபர் ஒருவர், தொழில் அல்லாத தேவைக்கு வாங்கிய மாறும் வட்டிக் கடனை முன்கூட்டி முடித்தால் கட்டணம் வாங்க முடியாது.

முழுதும் கட்டிவிட்டேன். பத்திரம் கைக்கு வர வேண்டுமே?

ரிசர்வ் வங்கியின் 13.9.2023 உத்தரவின்படி, கடன் முடிந்த 30 நாளுக்குள் அசல் ஆவணங்கள் எல்லாவற்றையும் தந்து, பதிவேட்டில் சொத்தின் மீது உள்ள கடன் பொறுப்பையும் நீக்க வேண்டும். தாமதம் வங்கியின் தவறால் என்றால் நாளுக்கு ரூ. 5,000 இழப்பீடு. ஆவணம் தொலைந்திருந்தால், நகல் பெற உதவி செய்து அந்தச் செலவையும் வங்கி ஏற்க வேண்டும், இழப்பீட்டுக் கணக்கு 60 நாளுக்குப் பின் தொடங்கும். வேறொரு கடனைக் காட்டிப் பத்திரத்தை நிறுத்தி வைத்தால், இரண்டையும் பிணைக்கும் வாசகம் ஒப்பந்தத்தில் எங்கே இருக்கிறது என்று கேளுங்கள். அப்படி ஒரு வாசகம் இல்லாதவரை ஒரு அடமானத்தைத் தனியே மீட்க 61ஆம் பிரிவு உரிமை தருகிறது.

தனியாரிடம் மீட்டால், பணம் கொடுக்கும் நாளிலேயே சார்பதிவாளர் அலுவலகத்தில் அடமானம் தீர்ந்ததற்கான ரசீதைப் பதிவு செய்யுங்கள். வெறும் தாளில் ‘பைசல்’ என்று எழுதி வாங்கினால் வில்லங்கச் சான்றில் அடமானம் அப்படியே நிற்கும். பதிவுக்குப் பின் வில்லங்கச் சான்று எடுத்து, ரத்துப் பதிவில் பழைய அடமானப் பத்திரத்தின் எண்ணும் ஆண்டும் சரியாக உள்ளனவா என்று பாருங்கள்.